ரன்வே நடுவில் ஒரு புடைப்பு

அக். 9, 2016, ஞாயிறு

காலையிலிருந்து தூறல். சர்ச் முடிந்து பத்தரைக்கு வீடு. பஸ்ஸுக்கு லீவு, எனக்குக் கம்ப்யூட்டர்.

இன்று வேலை: கம்ப்யூட்டரில் விமானம் ஓட்டிப் பார்க்கும் சிமுலேட்டரில் சீனரி வரிசையைச் சரி செய்வது. நாமாகச் சேர்க்கும் சீனரி எல்லாம் ஒரு பட்டியலில் பெயர் பெயராக நிற்கும். மேலே இருப்பது கீழே இருப்பதை மூடும், அவ்வளவுதான் விதி. வரிசை மாறினால் ரோட்டு நடுவில் மரம் முளைக்கும், சர்ச் பாதி மண்ணுக்குள் போகும். இன்று அடுக்கியது, மேலிருந்து:

1. அஞ்சுகிராமம் ரன்வே (நான் செய்தது)
2. எங்கள் ஊர் கீரிப்பாறை பஸ் ஷெட், சர்ச், ரப்பர் ஷெட் (நான் செய்தது)
3. காற்றாடி மில்கள்
4. ரோடு, காடு
5. சாட்டிலைட் படம்
6. தரை. மேடு பள்ளமெல்லாம் இதில். எப்போதும் அடியில்தான்.

அஞ்சுகிராமத்தில் ஏது ரன்வே என்று ஸ்டெல்லா கேட்டாள். இல்லை, அதனால்தான் போட்டேன். இருபத்திரண்டு வருஷமாக எஸ்டேட் பஸ் ஓட்டுகிறவன், விமானத்தில் ஒரு தடவைகூட ஏறாதவன், தனக்கென்று ஒரு ரன்வே போட்டுக்கொண்டால் யாருக்கு நஷ்டம்.

மூன்று தடவை இறக்கிப் பார்த்தேன். ரன்வே ஓரக் கோடு நடுவில் புடைத்து நிற்கிறது, அடியில் யாரோ தேங்காயை வைத்தது போல. தரை சரியில்லை. நாளை பார்க்கலாம்.

அக். 10, திங்கள்

கா. 5.30 வண்டி. நல்ல மஞ்சு, பத்தடிக்கு மேல் ரோடு தெரியவில்லை. ஆள் 43. ஸ்டெல்லா எனக்குப் பின் சீட்டில், ரப்பர் பால் வெட்டும் கத்தி மடியில். கல்யாணமான வருஷத்திலிருந்து அதே சீட். வேறு யாரும் உட்கார்ந்தால் முறைப்பாள்.

மூன்றாம் வளைவில் ஒரு கிளை கண்ணாடியில் உரசியது. ஆள் எண்ணி ஏற்றும் கங்காணி தங்கையனுக்கு வாய் சும்மா இருக்காது. "என்ன டிரைவரே, மரத்துக்கு முத்தம் குடுக்குதியளா?" கிளை வளர்ந்திருக்கிறது. வெட்டச் சொல்ல வேண்டும்.

மாலை ஜெபராஜுக்கு போன். தக்கலையில் கம்ப்யூட்டர் கடை, சிமுலேட்டரை எனக்குப் பழக்கிவிட்ட புண்ணியவான். "அண்ணே, வரிசையில எங்கேயோ இடிக்குது. ஒவ்வொண்ணா நிறுத்திட்டுப் பாருங்க. எதை நிறுத்தும்போ புடைப்பு போகுதோ, அதுதான் கள்ளன்."

கடையில்: பருப்பு, தீப்பெட்டி, சுகர் மாத்திரை (மாத்திரை மறந்துவிட்டது).

அக். 12, புதன்

மழை. பால்வெட்டு இல்லை, வண்டியும் ஒரு டிரிப்தான். நாள் முழுக்கக் கள்ளனைத் தேடினேன்.

மில்களை நிறுத்தினேன். புடைப்பு இருக்கிறது.
படத்தை நிறுத்தினேன். இருக்கிறது.
காட்டை நிறுத்தினேன். இருக்கிறது.
தரையை மேலே கொண்டுவந்தேன். சர்ச் காணாமல் போனது, புடைப்பு மட்டும் போகவில்லை.

ஒவ்வொரு தடவையும் முழுதாக லோட் ஆகப் பத்து நிமிஷம். இத்தனை வருஷத்தில் என்னை இவ்வளவு கடுப்பேற்றிய வண்டி ஒன்று இல்லை.

"மாத்திரை போட்டியளா?" என்று அடுக்களையிலிருந்து ஸ்டெல்லா. போட்டேன் என்றேன். இருந்தால்தானே போட.

"அந்தப் பெட்டியத் தூக்கி ஓடையில போடுங்க. கண்ணு ரெண்டும் செவந்து கெடக்கு."

அக். 13, வியாழன்

மழை விட்டது. ஆளை இறக்கிவிட்டு, திரும்பக் கூட்டிவரும் வரை வண்டியிலேயே இருந்தேன். எதிரே ரப்பர் மர வரிசை. கயிறு பிடித்து நட்டது, துப்பாக்கிக் குழல் மாதிரி நேராகப் போகும். இன்று பார்த்தால் நடுவில் நாலைந்து மரம் வரிசையை விட்டு விலகி நிற்கிறது. நட்டவன் அன்றைக்குக் குடித்திருப்பான்.

இருபத்திரண்டு வருஷமாகப் பார்க்கிற வரிசை. இதுவரை கண்ணில் படாதது வேடிக்கைதான்.

அக். 15, சனி

இன்று ஒரே அடி. நான் சேர்த்தது அத்தனையும் நிறுத்தினேன். பட்டியல் காலி. சிமுலேட்டரோடு வந்த ஏதோ வெளிநாட்டு ரன்வேயில் போய் நின்றேன்.

அதிலும் புடைப்பு. அதே இடத்தில், அதே அளவில்.

பட்டியலில் ஒன்றுமே இல்லாதபோது எது எதை மூடும்? கொஞ்ச நேரம் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அப்புறம் திரையை ஸ்கிரீன்ஷாட் எடுத்து ஜெபராஜுக்கு அனுப்பினேன். அவன் பார்த்துச் சொல்லட்டும்.

அக். 16, ஞாயிறு

சர்ச்சில் பாட்டுப் புத்தகம் வரிக்கு வரி நெளிந்தது. பழைய புத்தகம், ஈரம் ஏறியிருக்கும்.

மதியம் ஜெபராஜ் கூப்பிட்டான்.
"அண்ணே, படம் பாத்தேன். கோடு நேராத்தான கெடக்கு."
"நடுவுல பாரு மக்கா."
"நடுவுலதான் பாக்கேன். ஒண்ணும் இல்ல."
"நல்லாப் பாத்தியா?"
"கடையில ரெண்டு பேரு சேர்ந்து பாத்தோம். படத்துல இல்ல, அப்பம் மானிட்டருதான். அது பழசுல்லா? மாத்துங்க."

மானிட்டர். இது எனக்கு ஏன் தோன்றவில்லை. மச்சான் துபாயிலிருந்து கொடுத்துவிட்டது, ஒன்பது வருஷம் ஆகிறது. மனசு லேசாகிவிட்டது. நன்றாகச் சாப்பிட்டேன்.

அக். 18, செவ்வாய்

எழுதிவிடுகிறேன். எங்கேயாவது எழுத வேண்டும்.

மானிட்டர் எவ்வளவு வளைந்திருக்கிறது என்று ஜெபராஜிடம் அளவு சொல்லலாம் என்று ஸ்டீல் ஸ்கேலை எடுத்தேன். ரன்வே கோட்டின் மேல் வைத்தேன். ஸ்கேலும் வளைந்தது.

எடுத்துச் சுவரில் வைத்தேன். வளைந்தது. கதவுச் சட்டம், டியூப் லைட், ஜன்னல் கம்பி, எல்லாம் அதே இடத்தில். இடது கண்ணைப் பொத்தினால் அதிகம். வலது கண்ணைப் பொத்தினால் எல்லாம் நேர்.

ஒரு வாரமாக நான் கலைத்துக் கலைத்து அடுக்கிய பட்டியலில் ஒரு தப்பும் இல்லை.

ஸ்டெல்லா மாவு ஆட்டிக்கொண்டிருந்தாள். போய்ப் பக்கத்தில் நின்றேன். என்ன வேணும் என்றாள். ஒன்றுமில்லை என்று வந்துவிட்டேன். பயமாக இருக்கிறது.

அக். 19, புதன்

வண்டி எடுத்தேன். எடுக்காமல் என்ன காரணம் சொல்ல? மாற்று டிரைவர் கிடையாது.

ஷெட்டில் நின்று சோதித்தது:
இடது கண் மட்டும்: எல்லாம் தெளிவு. நம்பர் பிளேட் தெரிகிறது.
வலது மட்டும்: தங்கையன் முகத்தைப் பார்த்தால் மூக்கு இல்லை. காது இருக்கிறது, தலைமுடி இருக்கிறது. நடுவில் சாம்பல் பூசியது போல.

ஆக ஒரு கண் முழுசாக இருக்கிறது. ஒரு கண்ணோடு உலகத்தில் எத்தனையோ பேர் பிழைக்கிறார்கள். மெதுவாகப் போனேன், ஆறு நிமிஷம் லேட். "வயசாயிட்டு டிரைவருக்கு" என்று யாரோ பின்னால் சொல்ல, பஸ் முழுக்கச் சிரிப்பு. நானும் சிரித்தேன்.

மாத்திரை வாங்கியாயிற்று. வேளை தவறாமல் போடுகிறேன். சரியாகிவிடும்.

அக். 21, வெள்ளி

மதியம் ஆளைத் திரும்பக் கொண்டு விட்டதும் தக்கலை போனேன். கண்ணாடிக் கடை. கண் சோதிக்கிற பெண்ணுக்கு நம் மகள் வயசுதான் இருக்கும். கட்டம் போட்ட அட்டை ஒன்றைக் காட்டினாள். எங்கே வளையுது, தொட்டுக் காட்டுங்க என்றாள். தொட்டேன்.

"சுகர் உண்டா?"
"உண்டு."
"எத்தன வருஷமா?"
"எட்டு."
"இதுக்குக் கண்ணாடி போட்டுக் காரியமில்ல அங்கிள். உள்ள நீர் கோத்திருக்கும் போல. இந்த வாரமே பெரிய கண்ணாஸ்பத்திரிக்குப் போங்க, வச்சிட்டு இருக்காதீங்க. வண்டி ஏதும் ஓட்டுவியளா?"
"இல்ல."

அந்த 'இல்ல' எப்படி வந்தது என்று தெரியவில்லை. இருபத்திரண்டு வருஷத்தில் நான் டிரைவர் இல்லை என்று யாரிடமும் சொன்னதில்லை.

அவள் எழுதிக் கொடுத்த சீட்டு பர்ஸில் இருக்கிறது. போவேன். கிறிஸ்துமஸ் கழியட்டும். எனக்கு முன் இந்த பஸ்ஸை ஓட்டியவருக்குக் கண் போனதும் ரப்பர் ஷெட் கேட்டைத் திறந்து மூடும் வேலை கொடுத்தார்கள். அதுவரை அவர் டிரைவர் அண்ணாச்சி. அப்புறம் வெறும் பெயர், அதுவும் பாதி. கேட் ஓரம் அவர் உட்கார்ந்திருந்த இருப்பு மறக்கவில்லை.

அக். 22, சனி

ஓடைப் பாலத்தில் சடன் பிரேக். குறுக்கே ஒரு நாய். எங்கிருந்து வந்தது என்று நான் பார்க்கவே இல்லை. இல்லாமல் இருந்தது, பிறகு இருந்தது. தூக்குவாளி ஒன்று உருண்டு என் கால்வரை வந்தது.

 கண்ணாடியில் பார்த்தேன், ஸ்டெல்லா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அக். 23, ஞாயிறு

தலைவலி என்று சொல்லி சர்ச்சுக்குப் போகவில்லை. ஸ்டெல்லா மட்டும் போனாள்.

பட்டியலைப் பழையபடி அடுக்கினேன். தரை அடியில், ரன்வே மேலே. அப்புறம் கீரிப்பாறை சீனரியைத் திறந்து, மூன்றாம் வளைவு தாண்டின நேர் ரோட்டின் ஓரத்தில் ஓர் ஆள் உருவம் வைத்தேன். புடவை கட்டின பெண் உருவம் அதில் கிடையாது. மஞ்சள் சட்டை போட்ட ஏர்போர்ட் ஆள்தான் கிடைத்தான். அவனை நிறுத்தி, சின்ன விமானத்தை பஸ் வேகத்தில் ரோட்டோடு ஓட்டினேன். இரண்டு கண்ணும் திறந்துதான்.

முதல் தடவை தெரிந்தான்.
இரண்டாவது, பாதி வழியில் காணவில்லை. ஒன்று, இரண்டு என்று எண்ணுவதற்குள் வந்துவிட்டான்.
மூன்றாவது, மூன்று எண்ணினேன்.

இடது கண்ணை மட்டும் வைத்துக் கோட்டைப் பார்த்தேன். அதிலும் லேசாக நெளிவு. புதன்கிழமை இல்லை. நிச்சயமாக இல்லை.

மூன்று எண்ணிக்கைதானே, இன்னும் மெதுவாகப் போனால் போதும் என்று ஒரு கணக்குப் போட்டேன். போட்டது நான்தான். எழுதும்போது எனக்கே அருவருப்பாக இருக்கிறது.

சர்ச் விட்டு ஸ்டெல்லா வரும் சத்தம் கேட்டதும் அந்த ஆளை அழித்துவிட்டேன்.

அக். 24, திங்கள்

மழையில்லை, மஞ்சு இல்லை. மலை கழுவி வைத்தது போல இருந்தது. ஆள் 42, லீலா வழியில் ஏறுவாள். அவள் வீடு மேலே, தினமும் நேர் ரோட்டில் கல் தூண் பக்கம் நின்று கை காட்டுவாள்.

தூணைப் பார்த்தேன். ரோட்டைப் பார்த்தேன். ஓரத்தில் புல். ஆள் இல்லை, இன்று லீலா லீவு என்று நினைத்தேன். நினைத்துக்கொண்டே கியர் மாற்றினேன்.

"லீலா நிக்கா, லீலா நிக்கா" என்று பின்னாலிருந்து ஸ்டெல்லா என் தோளைப் பிடித்து இழுத்தாள். பிரேக்கை அழுத்திவிட்டேன். வண்டி உலுக்கி நின்றது.

லீலா பம்பருக்கு ஒரு முழம் தள்ளி நின்றாள், தூக்கின கையோடு. கொஞ்ச நேரம் கையை இறக்கவே இல்லை. பிறகு ஏறி வந்து என் முன்னால் நின்றாள்.

"கை காட்டிட்டுத்தான அண்ணே நிக்கேன். பாக்கலியா?"

"மஞ்சு" என்றேன்.

 ஸ்டெல்லாதான் சொன்னாள், மெதுவாக. "மஞ்சு இல்லியே."

எஞ்சினை நிறுத்தினேன். ஹேண்ட் பிரேக். சாவியை உருவித் தங்கையன் கையில் கொடுத்தேன்.

"எல்லாரும் எறங்குங்க."

"வண்டிக்கு என்ன டிரைவரே?" என்றான் தங்கையன்.

"வண்டிக்கு ஒண்ணுமில்ல. எனக்குக் கண்ணு தெரியல."

ஒவ்வொருவராக இறங்கினார்கள். எவரும் என் பக்கம் திரும்பவில்லை, ஒரு கேலிகூட இல்லை. அது திட்டுவதைவிட மோசமாக இருந்தது. கடைசியில் ஸ்டெல்லா மட்டும் அந்த சீட்டில்.

"எத்தன நாளா?"

"தெரிஞ்சது செவ்வாக்கெழம."

விரல் மடக்கி எண்ணினாள். புதன், வியாழன், வெள்ளி, சனி, இன்று.

"அஞ்சு நாளும் நான் உங்களுக்குப் பொறத்தாலதான இருந்தேன்" என்றாள்.

கத்தியை எடுத்துக்கொண்டு இறங்கி நடந்தாள்.