நாலடிப் பாதை

2024 பெப்ரவரி 6, செவ்வாய்

சுபஹு தொழுதுவிட்டு மகள் இல்மாவின் வாப்பாவைப் பேராதனை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். வாரம் இரண்டு தடவை இரத்தம் சுத்திகரிக்க வேண்டும். கார் நிறுத்த இடம் வேண்டுமென்று ரிஸ்மி நானா தன் காணி வழியாக இறங்கும் எங்கள் பாதையைக் கேட் போட்டுப் பூட்டியதிலிருந்து, மிளகுத் தோட்டத்தைச் சுற்றிக் கதிரையில் வைத்துத்தான் தூக்குகிறோம். முன்னால் த்ரீவீல் கணேஸ், பின்னால் இல்மா.

"முதலாளி, மாப்புள ஊர்வலம் மாதிரியில்ல போறீங்க" என்றான் கணேஸ். இவர் சிரித்தார். எனக்கு வரவில்லை. பாதைக்காக நானாமேல், என் கூடப் பிறந்தவர்மேல், நான் போட்ட வழக்குக்கு ஐந்து வருடம்.

பெப்ரவரி 20

நானா இணக்கத்துக்கு வருகிறாராம். மூன்றடிப் பாதை தருவாராம். "ரெண்டு பக்கமும் கையெழுத்து வைச்சால் அதுதான் தீர்ப்பு. இழுத்தால் இன்னும் வருசக்கணக்காகும்" என்றார் என் சட்டத்தரணி கிருஷாந்தி.

வளைவில் நானாவின் குளியலறைச் சுவர் நீட்டிக்கொண்டு நிற்கிறது. மூன்றடியில் கதிரை திரும்பாது. சுவரை உடைத்து நாலடி வேண்டும் என்றேன். மாட்டாராம்.

மார்ச் 3

இன்று இவர் வபாத்தானார். இன்னாலில்லாஹி.

மார்ச் 5

எழுதிவைக்க வேண்டும். அடக்கத்தன்று நானா கேட்டைத் திறந்துவிட்டார். இவரை வைத்துத் தூக்கிய சந்தூக்கு வளைவில் முட்டியது. ஜன்னலில் நின்று பார்த்தேன். தலைக்கு மேலே உயர்த்தி, சரித்து — மையித்தைச் சரிக்கிறதா, யா அல்லாஹ். சந்தூக்கின் ஒரு காலைப் பிடித்திருந்தவர் நானா.

நான் அழவில்லை. ஏன் அழவில்லை?

மார்ச் 21

வழக்குத் தவணை. இவருக்காக இத்தாவில் இருக்கிறேன், நாலு மாதமும் பத்து நாளும் வெளியே போக மாட்டேன். ஆள் வரவில்லையென்று வழக்கைத் தள்ளுபடி பண்ணிவிடுவார்களோ?

மாலை கிருஷாந்தி போன் பண்ணினார். "நான் வாய் திறக்க முதல் உங்கட அண்ணர் எழும்பிச் சொல்லிப்போட்டார், தங்கச்சி இத்தாவில எண்டு. ஜூலைக்குப் போட்டிருக்கினம்."

நன்றி சொன்னேனா? நினைவில்லை.

மே 14

யாசீன் ஓதினேன். கணக்குக் கொப்பியில் ஆஸ்பத்திரிச் செலவுக்கு அடியில் கோடு போட்டு மூடினேன்.

ஜூலை 16

நீதிமன்ற வராந்தாவில் கிருஷாந்தி மெதுவாகக் கேட்டார்: "இப்ப அவர் இல்லைத்தானே, அக்கா. மூண்டடி காணாதா?"

நானா பக்கத்தில்தான் நின்றார்.

"நானும் ஒரு நாளைக்குப் படுத்துக்கொண்டுதானே எறங்கணும்" என்றேன்.

நானா என்னைப் பார்க்கவில்லை. தன் லோயரிடம், "ஒடைப்பம். நாலடி எண்டே எழுதுங்க" என்றார்.

சொந்த விருப்பத்தில்தானா என்று நீதிபதி மொழிபெயர்ப்பாளர் மூலம் கேட்டார். ஆம் என்றேன். வழக்கேட்டில் இருவரும் கையெழுத்து வைத்தோம்.

ஆகஸ்ட் 3, சனி

காலையிலிருந்து நானாவின் குளியலறைச் சுவர் இடிக்கிற சத்தம். அஸருக்குப் பிறகு இல்மா ஓடி வந்தாள். "உம்மா, றலியா மாமி வாளியும் துவாயுமா வாசல்ல நிக்கிறாங்க."

நானாவின் மனைவி. வழக்கு வந்த பிறகு மையித்து வீட்டுக்கு மட்டும்தான் வந்திருந்தார். "புதுசு கட்டுற வரைக்கும்…" என்று இழுத்தார். ஒதுங்கி வழிவிட்டேன்.

தண்ணீர்ச் சத்தம் கேட்டது. பிறகு கதவுக்குள்ளிருந்து குரல்:

"மச்சி, சவர்க்காரம் எங்க?"

"ஜன்னல்ல ஈக்கி, மதினி."