முன்வாசல் பார்த்த நாற்காலிகள்

அண்ணே,

நேற்றுக் காலையில் டிக்கோயாவிலிருந்து ஒரு பார்சல் வந்தது. சாக்கில் சுற்றி, சணல் கயிறு கட்டி, ஆள் உயரத்துக்கு இருந்தது. கயிற்றை அறுத்ததுமே பழைய சாயமும் பசையும் பூஞ்சணமும் கலந்த வாடை முகத்தில் அடித்தது. உங்கள் நாடகப் படுதா. தாமரைக் குளமும் படித்துறையும் ஒற்றைக்கண் மயிலும் தீட்டிய அதே அரண்மனைத் தோட்டம். தும்மிக்கொண்டே உங்களைத் திட்ட ஆரம்பித்தேன். செத்துப்போய் இத்தனை வருடம் கழித்தும் என் வீட்டைக் குப்பையாக்க உங்களால் மட்டும்தான் முடியும்.

நீங்கள் நாடகக் கோஷ்டியின் பபூன், நான் கோஷ்டிக்கு உடுப்புத் தைத்தவள். இறம்பொடை, லிந்துலை என்று எந்தத் தேயிலைத் தோட்டத்தில் திருவிழா என்றாலும் லொறியில் முதலில் ஏறுவது அந்தப் படுதாதான். ஆட்டம் முடிந்ததும் அதன் முதுகில் தோட்டத்தின் பெயரைச் சாயத்தால் எழுதி, எப்படி நடந்தது என்று ஒரு வரி போடுவது வழக்கம். 'பாதியில் மழை.' 'நல்ல கூட்டம், மைக் இல்லை.' எழுதுவது நீங்கள், அதனால் எழுத்துப் பிழைகளும் உங்களுடையவை.

டவுனில் டெலிவிஷன் வந்தது. கோஷ்டியில் பாதிப் பேர் இந்தியாவுக்குக் கப்பலேறினார்கள். கூப்பிட ஆளில்லாமல் போன பிறகு பங்கு பிரித்ததில் உங்களுக்குக் கிடைத்தது படுதா மட்டும்தான். அதை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். நீங்களா இருப்பீர்கள்? ஹட்டனிலும் நுவரெலியாவிலும் வீட்டை விற்றுவிட்டுப் போகிறவர்கள் அதிகமாக இருந்த காலம் அது. "வெறும் மேடையப் பாத்து யாராச்சும் கை தட்டுவாங்களா தங்கச்சி? வெறும் வீட்ட மட்டும் எப்படி வாங்குவாங்க?" என்று கேட்டுக்கொண்டு என் முன்னால் வந்து நின்றீர்கள். வாங்குகிறவர் பார்க்க வரும் நாளில் படுதாவைக் கட்டி, இரவல் சாமான் போட்டு வீட்டை ஜோடிப்பது, அவர் போனதும் எல்லாவற்றையும் கழற்றிக்கொண்டு வருவது. அந்தத் தொழிலுக்கு ஊரில் பெயரே கிடையாது. தரகரா என்று கேட்டவர்களிடம், "இல்லீங்க, வீட்டுக்கு வேசம் கட்டுறவன்" என்றீர்கள். ஜன்னல் திரை தைக்கிற வேலையெல்லாம் என் தலையில் விழுந்தது.

நுவரெலியா பங்களா ஒன்றில் வெள்ளைக்காரத் துரையின் சப்பாத்து, தொப்பி, கைத்தடி என்று வாசலில் வைத்தீர்களே, நினைவிருக்கிறதா? அங்கே துரை இருந்து பத்து வருடம் ஆகியிருந்தது. வாங்க வந்த மனிதர் துரையிடம் நேரில் பேசவேண்டும் என்று ஒரு மணி நேரம் காத்திருந்துவிட்டுப் போனார். "கொஞ்சம் கூடிப் போச்சு" என்றீர்கள். உங்களுக்கு எப்போதும் கொஞ்சம்தான் கூடும்.

அப்படிப்பட்டவர் கையில் என் வீட்டையும் கொடுத்தேன் பாருங்கள், என்னைச் சொல்லவேண்டும். என் வீட்டுக்காரருக்குக் கண்டியில் அச்சகத்தில் வேலை. மாதம் ஒரு ஞாயிறு வருவார். திங்கள் காலையில் மகள் எழுந்து, அப்பா எங்கே என்று கேட்பாள். டிக்கோயா வீடு விற்றால்தான் கண்டியில் ஒரு கூரை. இரண்டு வருடத்தில் மூன்று பேர் வந்தார்கள், சுவரின் ஈரத்தைப் பார்த்தார்கள், போய்விட்டார்கள்.

ஈரச் சுவரை மறைத்துப் படுதாவைக் கட்டினீர்கள். இரவல் நாற்காலிகள் ஆறையும் வரிசையாக முன்வாசலைப் பார்த்துப் போட்டீர்கள். "யாரு யாரோட பேசுறது அண்ணே?" என்று கேட்டேன். "பாக்குறவங்களோட" என்றீர்கள். அலுமாரிக்கு முன்பக்கம் மட்டும் புதுச் சாயம், முதுகு வெறும் பலகை. ஓட்டைக் குடை, ஈரத் துணி, ஒழுக்குக்கு வைத்த சட்டிகள் எல்லாம் சமையலறையில் குவிந்தன. முப்பது வருடம் மேடையில் நின்றவருக்கு வீட்டுக்குப் பின்வாசல் என்று ஒன்று இருப்பது தோன்றவே இல்லை.

அன்று நல்ல மழை. லிந்துலையிலிருந்து வந்த ஓய்வுபெற்ற போஸ்ட் மாஸ்டரும் அவர் மனைவியும் மேல் ரோட்டில் பஸ்ஸை விட்டு இறங்கினார்கள். முன்பக்கப் பாதை வழுக்கியதால் பின்படியால் இறங்கி நேரே சமையலறைக்குள் வந்துவிட்டார்கள். அந்த அம்மா சட்டிகளைத் தாண்டி முன்னறைக்குள் எட்டிப் பார்த்தார். ஆறு நாற்காலிகளின் முதுகு, அலுமாரியின் முதுகு, அவற்றோடு உங்கள் முதுகும். பழத்தட்டை ஏந்திக்கொண்டு ஆளில்லாத முன்வாசலைப் பார்த்துச் சிரித்தபடி நின்றுகொண்டிருந்தீர்கள்.

எதையாவது சொல்லிச் சமாளிப்பீர்கள் என்று நினைத்தேன். நீங்கள் தட்டைக் கீழே வைத்தீர்கள். "அம்மா, நீங்க உள்ளுக்குள்ள இருந்து வந்துட்டீங்க. இனி என்னத்த நடிக்கிறது?" கூரை எங்கெங்கே ஒழுகும், எந்தக் கதவு மழைக்கு உப்பும் என்று ஒன்று விடாமல் ஒப்பித்தீர்கள். படுதாவைத் தூக்கி ஈரத்தையும் காட்டினீர்கள். அதோடாவது நிறுத்தினீர்களா? "இந்தப் புள்ளையோட வூட்டுக்காரரு ரெண்டு வருசமா கண்டியில தனியா கெடக்குறாரு. இது வித்தாத்தாம்மா ரெண்டு பேரும் ஒன்னா ஒக்காந்து சோறு திங்கலாம்."

எனக்கு அப்படியே அடுப்புக்குள் போய்விடலாம் போல இருந்தது.

அந்த அம்மா அடுப்படிப் பலகையில் உட்கார்ந்துகொண்டார். "எங்க குவார்ட்டர்சும் இருபது வருசமா ஒழுகுனதுதான்" என்றார். பிறகு படுதாவைப் பார்த்தார், வெகுநேரம் பார்த்தார். "எங்க பிள்ளைக சின்னதா இருக்கையில இந்த மயில தோட்டத்துல பாத்திருக்கோம். ஒத்தக் கண்ணுன்னு அழுவாங்க." கணவரிடம் ஏதோ கிசுகிசுத்துவிட்டுச் சொன்னார்: "வீட்ட எடுத்துக்கிறோம். இது மட்டும் சுவத்துலயே இருக்கட்டும்."

படுதா போனால் உங்களுக்கு அடுத்த வீடு இல்லை, தொழிலே இல்லை. அது எனக்குத் தெரியும். தெரிந்தும் வாயைத் திறக்கவில்லை. நீங்கள்தான் சிரித்தீர்கள். "எடுத்துக்குங்கம்மா, பழசுதானே. இருங்க, நல்லா இறுக்கிக் கட்டித் தாரேன்" என்று படுதாவுக்குப் பின்னால் போனவர் வெளியே வரவே இல்லை. "ஒரு துணியக் கட்ட இம்புட்டு நேரமா அண்ணே?" என்று கத்தினேன். ஒருவழியாக வந்தீர்கள். விரலெல்லாம் அலுமாரிச் சாயம். அதை என் புதுத் திரையில் துடைத்தீர்கள், அதற்கும் வாங்கிக் கட்டிக்கொண்டீர்கள். அன்று முழுக்கத் திட்டினேனே தவிர, ஒரு நல்ல வார்த்தை சொல்லவில்லை. பிறகு ஹட்டனில் ஒரு கடையில் அரிசி நிறுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தீர்கள். நான் கண்டிக்கு வந்துவிட்டேன். நீங்கள் போன செய்தி எனக்கு எட்டியபோது அடக்கம் முடிந்து ஒரு வாரம் ஆகியிருந்தது.

இப்போது போஸ்ட் மாஸ்டரின் மகள் அந்தச் சுவரை இடித்துக் கட்டுகிறாளாம். உரியவர்களிடம் சேரட்டும் என்று அனுப்பியிருக்கிறாள். நேற்று முற்றத்தில் விரித்துத் திருப்பிப் போட்டேன். முதுகு முழுக்கத் தோட்டத்துப் பெயர்கள். எல்லாவற்றுக்கும் கீழே, அலுமாரிச் சாயத்தில், உங்கள் கோணல் எழுத்தில்:

'டிக்கோயா. தங்கச்சி வீடு. நல்லா நடந்திச்சி.'

நல்லா நடந்ததாம். ஒருவர்கூட முன்வாசலால் வரவில்லை. போட்ட நாற்காலியில் யாரும் உட்காரவில்லை. இருந்த ஒரே படுதாவும் கைவிட்டுப் போயிற்று. நல்லா நடந்ததாம். உங்களை என்ன சொல்லித் திட்டுவது?

மயில் சுவரைப் பார்க்கட்டும் என்று, எழுத்து தெரிகிற மாதிரி சாப்பாட்டு மேசைக்கு மேலே மாட்டச் சொன்னேன். இன்று மதியம் அவரும் நானும் அதன் கீழே ஒன்றாக உட்கார்ந்து சோறு தின்றோம் அண்ணே. குழம்பில் இரண்டு தடவை உங்கள் தூசி விழுந்தது. கரண்டியால் ஒதுக்கிவிட்டுச் சாப்பிட்டோம்.