அந்த நல்லகாமன் நான் அல்ல

திருநகர், மதுரை
12.1.1981

எழுமலை நல்லகாமன் அவர்களுக்கு,

வெகுகாலம் கழித்து எழுதுகிறேன். நலம் விசாரிப்பதற்காக அல்ல. ஆகவே அந்த வரிகளை விட்டுவிடுகிறேன்.

சென்ற ஆண்டு மில் வேலையிலிருந்து நானாகவே விலகிக்கொண்டேன். பொழுது நிறைய இருக்கிறது. அதற்கு ஒரு வேலை வைத்துக்கொண்டேன். அரசாங்கக் காகிதங்களில் 'பி. நல்லகாமன், மதுரை ஜில்லா' என்று எங்கெல்லாம் இருக்கிறதோ அங்கெல்லாம் போய்த் தேடி, எது நான், எது நீங்கள் என்று பிரித்து வைப்பது. இது நம் அப்பன்மார் செய்துவைத்த குழப்பம். மூத்த மகனுக்குத் தாத்தா பெயர் வைப்பது வழக்கம்தான். உங்கள் அப்பா பால்பாண்டி உங்களுக்கு வைத்தார். மூன்று வருடம் கழித்து என் அப்பா பேயாண்டி, தன் மூத்த மகனுக்கும் அதே பெயர்தான் என்று பிடிவாதம் பிடித்து எனக்கும் வைத்தார். தாத்தாவின் நிலத்தைப் பிரித்துக்கொண்ட அண்ணன் தம்பிக்குப் பெயரை மட்டும் விட்டுக்கொடுக்க மனமில்லை. ஆங்கிலத்தில் எழுதினால் இனிஷியலும் ஒன்றே. ஊரார் உங்களைப் 'பெரிய நல்லகாமன்' என்றார்கள், என்னைச் 'சின்ன நல்லகாமன்' என்றார்கள். நாற்பத்தொன்பது வயதாகிறது. பி.இ. படித்திருக்கிறேன். எழுமலை பஜாரில் இன்னும் நான் சின்னவன்தான். அந்தப் பெயரில் நான் ஒரு நாளும் கையெழுத்துப் போட்டதில்லை.

வாக்காளர் பட்டியல், நில அளவை, கூட்டுறவுச் சங்கத் தேர்தல்: இவற்றில் பெரும்பாலும் நீங்கள். 1969-இல் நடந்த சேவல்கட்டு வழக்கும் நீங்கள்தான். ஆனால் சம்மன் வந்தது எனக்கு. மறந்திருக்க மாட்டீர்கள். ஷிப்டு மாறும் நேரம் மில் கேட்டில் ஒரு கான்ஸ்டபிள் வந்து நின்று, "இங்க நல்லகாமன் யாருய்யா? சேவல் கேஸு!" என்று கூவினான். அதற்குப் பிறகு மேனேஜர் என்னைப் பார்க்கும்போதெல்லாம், "என்ன இன்ஜினியர் சார், சேவல் நல்லாருக்கா?" என்று கேட்பார். அந்த வருடம் எனக்கு வரவேண்டிய தலைமை இன்ஜினியர் பதவி என்னைவிட இளையவனுக்குப் போயிற்று. அது சேவலால்தான் என்று நிரூபிக்க முடியாது. எனக்குத் தெரியும்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். சென்ற மாதம் ஒரு கல்லூரி நூலகத்தில் பழைய அரசிதழ்களைப் புரட்டிக்கொண்டிருந்தேன். புதிய கருவிகளைக் கண்டுபிடித்தவர்கள் பேட்டன்ட் கேட்டுப் பதிவு செய்த பட்டியல். 1968. அதில் 'பி. நல்லகாமன், எழுமலை. நிலக்கடலை உடைக்கும் கருவி' என்றிருந்தது. கல்கத்தாவுக்கு எழுதி நகல் வரவழைத்தேன். படம் என்னுடையது. வளைந்த சல்லடை, அதன்மேல் சைக்கிள் டயர் பதித்த கட்டை, அதை முன்னும் பின்னும் ஆட்ட ஒரு கைப்பிடி. தோல் மட்டும் நொறுங்கும், விதைப்பருப்பு பிளக்காது. 1967 கோடையில் ஒரு மாத லீவு போட்டு எழுமலை வீட்டில் உட்கார்ந்து வரைந்தேன். மேனேஜரிடம் கொண்டுபோய்க் காட்டியபோது, "இது நூல் மில்லுங்க, கடலை மில்லு இல்ல" என்று எல்லோர் முன்னாலும் சிரித்தார். அந்த ஆத்திரத்தில் படத்தை எழுமலைக்கே திரும்பக் கொண்டுபோய் வீட்டில் சுருட்டி எறிந்துவிட்டு வந்தேன். எறிந்தாலும் அது என்னுடையதுதான். பேட்டன்டில் இருக்கும் விலாசம் உங்கள் கடலை மண்டி.

இத்தனை வருட உத்தியோகத்தில் நான் செய்தேன் என்று சொல்ல அந்த ஒரு கருவிதான் உண்டு. அதை நீங்கள் திருடியிருக்கிறீர்கள். என்ன பதில்? நீங்கள் எழுதாவிட்டால் வக்கீல் எழுதுவார்.

பி. நல்லகாமன், பி.இ.


எழுமலை
27.1.1981

தம்பிக்கு,

பொங்கல் கழிஞ்சு உன் கடுதாசி வந்துச்சு. உறையில அனுப்புறவன் பேரும் வாங்குறவன் பேரும் ஒண்ணா இருக்கவும் போஸ்ட்மேன் சோணைமுத்து, "என்னண்ணே, உங்களுக்கு நீங்களே எழுதிக்கிட்டீகளா?"ன்னு கேட்டான். "ஆமடா, திட்டி எழுதியிருக்கேன்"னு சொல்லி வாங்கிக்கிட்டேன்.

நீ வேலையை விட்டது இப்பத்தான் தெரியுது. உடம்புக்கு ஒண்ணும் இல்லையே? உன் வீட்டுக்காரி அன்னக்கொடி எப்படி இருக்கு? இங்க மானாவாரிக் கடலை பாதிதான் தேறுச்சு. மத்தபடி குறையில்லை. திருடன்னு எழுதியிருந்த பக்கத்தை உன் மதினி அழகம்மாளுக்கு நான் வாசிச்சுக் காட்டலை. காட்டியிருந்தா அன்னைக்கே திருநகருக்குப் பஸ் ஏறியிருப்பா. அவ வாயைப் பத்தி உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

சேவல் விஷயத்துல உன்கிட்டப் பேச எனக்கு வாய் கிடையாது. அந்த வருஷத்தோட சேவலை விட்டுட்டேன்.

பேட்டன்ட் விஷயம் கடுதாசியில எழுதுறது இல்லை. எழுதினா வம்பு. மாசிப் பச்சைத் திருவிழாவுக்கு நம்ம குலசாமி கோயிலுக்கு வா. பங்காளி அம்புட்டுப் பேரும் சாமி பெட்டி தூக்க வருவாக. கூட்டம் கலைஞ்ச பிறகு நாம ரெண்டு பேரும் ஒரு ஓரமா உக்காந்தா அஞ்சு நிமிஷத்துல சொல்லிருவேன். அன்னக்கொடியையும் கூட்டிட்டு வா.

பெரிய நல்லகாமன்


திருநகர், மதுரை
19.2.1981

எழுமலை நல்லகாமன் அவர்களுக்கு,

உங்கள் கடிதத்தில் 'எழுதினா வம்பு' என்ற இரண்டு சொற்களே எனக்குப் போதுமானவையாக இருந்தன. குற்றமில்லாதவன் எழுதப் பயப்பட மாட்டான்.

கோயிலுக்கு வரமாட்டேன். 1969-இல் அதே கோயில் வாசலில், உங்களுக்கும் எனக்கும் இனி ஒட்டும் இல்லை உறவும் இல்லை என்று பங்காளிகள் முன்னால் சொன்னேன். அது இன்னும் செல்லும்.

இன்று காலை நோட்டரி முன்னால் சத்தியப் பிரமாணம் எழுதிக் கையெழுத்திட்டு, கல்கத்தா பேட்டன்ட் ஆபீசுக்குப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டேன். முக்கியமான வரிகளைத் தமிழில் தருகிறேன்: 'மேற்படி பேட்டன்டில் கண்ட பி. நல்லகாமன் நான் அல்ல. அந்த மனுவை நான் கொடுக்கவில்லை. அந்த மனிதருக்கும் எனக்கும் எவ்விதத் தொடர்பும் இல்லை.' கருவியைச் செய்தது யார் என்பதை அடுத்த மனுவில் நிரூபித்துக்கொள்வேன். முதலில் இரண்டு நல்லகாமன்களையும் பிரிக்க வேண்டும். பிரித்துவிட்டேன்.

"ஒரு தடவை நேர்ல போய்க் கேட்டுட்டு அப்புறம் கையெழுத்துப் போடக்கூடாதா?" என்றாள் அன்னக்கொடி. கேட்கவேண்டியதைக் கேட்டாகிவிட்டது.

பி. நல்லகாமன், பி.இ.


எழுமலை
10.3.1981

தம்பிக்கு,

மாசிப் பச்சை நல்லபடியா முடிஞ்சது. உங்க வீட்டுத் தேங்காயை நான்தான் உடைச்சேன். வருஷா வருஷம் நான்தான் உடைக்கிறேன். பூசாரி புதுசு. பேரு கேட்டாரு. நல்லகாமன்னேன். "அந்தப் பேருக்கு முன்னாடியே உடைச்சாச்சே"ன்னாரு. "அது எனக்கு. இது சின்னவனுக்கு"ன்னேன்.

இனிமே எழுதாம இருக்கிறதுல அர்த்தம் இல்லை. வம்பு வந்தா வரட்டும்.

அந்தப் பேட்டன்டுல இருக்கிற நல்லகாமன் நீதான்.

நீ சுருட்டி எறிஞ்சுட்டுப் போன படத்தைச் சின்னம்மா வெந்நீர் அடுப்புக்கு எடுத்துட்டுப் போனாக. "பிள்ளைக்கு வேண்டாததுதானே, எரிஞ்சா தண்ணி சுடும்"னாக. உங்க அம்மாவுக்கு என்ன தெரியும் பாவம். நான் பிடுங்கிட்டு வந்து மண்டியில வச்சேன். மெட்ராசுல நம்மகிட்டக் கடலை எடுக்கிற வியாபாரி ஒருத்தர் அதைப் பார்த்துட்டு, "இதைப் பதிஞ்சு வைக்கலேன்னா எவனாவது கொண்டுபோயிருவான்"னு சொல்லி ஒரு ஏஜென்டுகிட்ட அனுப்பினாரு.

ஏஜென்ட், "செஞ்சவர் பேரு என்ன?"ன்னாரு.

"நல்லகாமன்."

"நீங்கதானா?"

"இல்லைங்க, என் தம்பி. மில்லுல இன்ஜினியரு. மேனேஜர்கிட்டக் காட்டினதுக்குச் சிரிச்சாராம்."

"அப்படின்னா மில் விலாசம் போடாதீக. இன்னைக்குச் சிரிச்சவன் நாளைக்கு இது மில்லுக்குத்தான் சொந்தம்பான்."

அதனாலதான் மண்டி விலாசம். அதைத்தான் நீ திருட்டுக்குச் சாட்சியாக்கிட்டே.

கையெழுத்துக்குத் தாள் வந்துச்சு. உனக்கு ரெண்டு கடுதாசி போட்டேன். மேனேஜர் மேல இருந்த கோபத்துல அந்த வருஷம் நீ ஊர்ல ஒருத்தனுக்கும் பதில் போடலை. நாள் போய்க்கிட்டே இருந்துச்சு. நானே போட்டுட்டேன். அடுத்தவன் பேரை எழுதினா கை நடுங்கும்பாக. எனக்கு நடுங்கலை. அரிச்சுவடி படிச்ச நாள்லேருந்து எழுதுற பேருதானே.

பேட்டன்ட் கைக்கு வந்ததும் உன்கிட்டக் கொடுக்கத் திருநகருக்கு வந்தேன். அதுக்குள்ள என் சேவல் எனக்கு முன்னாடி உன் மில்லுக்குப் போயிருச்சு. உனக்கு ஞாபகம் இருக்கோ என்னமோ. கதவைத் திறந்து, "யாரு வேணும்?"னு கேட்டே, தெரியாதவன்கிட்டக் கேக்கிற மாதிரி.

நான் விளையாட்டா, "நல்லகாமனைப் பாக்கணும்"னேன்.

"நல்லகாமன் நான்தான். நீ யாரு?"ன்னே.

"நானும் அதுதான்டா"ன்னேன்.

உள்ளேயிருந்து அன்னக்கொடி சிரிச்சிருச்சு. அதுல உனக்கு இன்னும் கோபம் ஏறிப்போச்சு. கதவைச் சாத்திட்டே. கொண்டு வந்ததைத் திருப்பி எடுத்துட்டு வந்துட்டேன். என்னைக்காவது வருவே, கொடுக்கலாம்னு வருஷம் தவறாம புதுப்பிச்சு வச்சிருக்கேன். சின்னம்மா தவறிப்போன அன்னைக்குக் கொண்டு வந்திருக்கலாம். அன்னைக்கு நீ இருந்த இருப்புல எனக்கு மனசு வரலை.

அந்தப் படத்தைப் பார்த்து ஒரு மிஷின் செஞ்சு மண்டியில போட்டிருக்கேன். விதைப்பு சமயத்துல சுத்துப்பட்டு ஊரெல்லாம் வந்து உடைச்சிட்டுப் போகுது. இது என் தம்பி செஞ்சதுன்னு சொல்லியிருக்கேன். நம்பலேன்னா எவன்கிட்ட வேணும்னாலும் கேளு.

கள்ளக் கையெழுத்துப் போட்டது நான். எந்தக் கோர்ட்டுல வேணும்னாலும் வந்து சொல்றேன். தாளை அனுப்பு. இந்தத் தடவை என் கையெழுத்தாவே போட்டுத் தாரேன்.

பெரிய நல்லகாமன்


திருநகர், மதுரை
21.4.1981

அண்ணனுக்கு,

உங்கள் கடிதத்தை நம்ப எனக்கு விருப்பமில்லை. பல நாட்கள் நம்பாமலே இருந்தேன். பிறகு அன்னக்கொடியிடம், அன்றைக்கு வாசலுக்கு வந்தபோது உங்கள் கையில் ஏதாவது இருந்ததா என்று கேட்டேன்.

"இருந்துச்சு. நீளமா ஒரு உறை. சீல் வச்சது."

"ஏன் என்னிடம் சொல்லவில்லை?"

"நீங்க எப்பக் கேட்டீங்க?"

கல்கத்தாவிலிருந்து பதில் வந்துவிட்டது. சிறிய தாள். என் பிரமாணம் கோப்பில் சேர்க்கப்பட்டதாம். நான் சம்பந்தப்பட்டவன் அல்ல என்று நானே தெரிவித்திருப்பதால், இந்தப் பேட்டன்ட் குறித்து இனி என்னோடு கடிதப் போக்குவரத்து இல்லையாம். ஆக, அரசாங்கத்தைப் பொறுத்தவரை அந்தக் கருவியைச் செய்தவன் நான் அல்ல. அதற்குச் சாட்சியும் நானே.

வக்கீல் மொக்கைச்சாமியிடம் போனேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "சுலபம் சார். கையெழுத்துப் போட்டது நான்தான்னு உங்க அண்ணன் எழுதிக் கொடுக்கட்டும். அதை வச்சு மிஷினை உங்க பேருக்குக் கொண்டு வந்துரலாம்" என்றார்.

"அவருக்கு என்ன ஆகும்?"

"கள்ளக் கையெழுத்து சார். அவருக்குச் சம்மன் போகும்."

பி. நல்லகாமன் பெயருக்கு இன்னொரு சம்மன். அது வழி தவறாமல் உங்களிடமே வந்து சேரும் என்பதற்கு என்ன நிச்சயம்?

தாள் அனுப்பப்போவதில்லை. கல்கத்தாவில் இருப்பது இருக்கிறபடியே இருக்கட்டும். இதை மன்னிப்பு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். சேவல் விஷயம் அப்படியேதான் இருக்கிறது. என்னைக் கேட்காமல் எனக்கு நல்லது செய்ய உங்களுக்கு யார் அதிகாரம் கொடுத்தார்கள் என்ற கேள்வியும் இருக்கிறது.

இன்னொன்று. கல்கத்தா நகலை மறுபடி பார்த்தேன். மெட்ராசில் படத்தைத் திரும்ப வரைந்தவன் கைப்பிடியைச் சல்லடைக்கு மிக அருகில் வைத்துவிட்டான். நான் ஒரு முழம் தள்ளி வைத்திருந்தேன். அவன் படத்தைப் பார்த்து நீங்கள் மிஷின் செய்திருந்தால், ஆட்டுகிறவர்களுக்கு இத்தனை வருடமாகத் தோள் வலித்துக்கொண்டிருக்கும். என் படத்தைப் பார்த்துச் செய்திருந்தால் வலித்திருக்காது. நேரில் பார்க்காமல் சொல்ல முடியாது. ஞாயிற்றுக்கிழமை காலை பஸ்ஸில் அன்னக்கொடியும் நானும் எழுமலைக்கு வருகிறோம். மிஷினைப் பார்க்க.

மதினியிடம் என் முதல் கடிதத்தை இன்னும் காட்டாமல் இருந்தால், காட்டாமலே இருக்கவும்.

சின்ன நல்லகாமன்