பழுத்து வந்த தேசிக்காய்

கிங்ஸ்பரி, லண்டன்.
13.12.2009, ஞாயிறு.

அன்புள்ள தங்கச்சி சிவகௌரிக்கு,

தவநாயகி அக்கா எழுதிக்கொள்வது. நானும் உன்ரை அத்தானும் மகன் விதுசனும் இஞ்சை சுகம். நீயும் குஞ்சு ஜதுர்ஷிகாவும் சுகமாய் இருக்கவேணும் எண்டு விம்பிள்டன் பிள்ளையாரை வெள்ளிக்குவெள்ளி கும்பிட்டு வாறன்.

முதல் விசயத்தை முதலே சொல்லிப்போடுறன், பிறகு துணிவு வராது. அந்தத் தேசிக்காய் தானாய் வரேல்லை. நான் போட்டது. இந்தக் கையாலை நான்தான் போட்டது.

நேற்று உன்ரை அண்ணை மானிப்பாயிலை இருந்து போன் எடுத்தவர். அழாத குறை. முகாமிலை இப்ப வெளியிலை போகப் பாஸ் குடுக்கினமாம், உங்கள் ரெண்டுபேரையும் கூட்டிக்கொண்டு போக வான் பிடிச்சுக்கொண்டு செட்டிகுளம் வந்து நிண்டவராம், நீ மாட்டன் எண்டிட்டியாம். என்ரை மனுசன் உயிரோடை இருக்கிறதுக்கு அத்தானுக்கு அடையாளம் கிடைச்சிருக்கு, அவர் வந்தால் இஞ்சைதான் தேடுவார், நான் இந்தக் கொட்டிலை விட்டு அசையன் எண்டியாம். விசரி, ஊறுகாய் போடுற ஒரு தேசிக்காயை நம்பியோ ஒன்பது வயசுப் பெடிச்சியை மழை வெள்ளத்துக்கை வைச்சுக்கொண்டிருக்கிறாய்?

இதைப் போனிலை சொல்லலாம்தான். ஆனால் உன்னோடை கதைக்கிறதெண்டால் பக்கத்துக் கொட்டில் பிலோமினம்மாவின்ரை போனுக்கு எடுக்கவேணும், அவ கூப்பிட்டு நீ வரமுன்னம் உன்ரை அத்தான் என்ரை தோளிலை நாடியை வைச்சுக்கொண்டு நிற்பார். ஆனபடியால்தான் கடிதம். அண்ணையின்ரை விலாசத்துக்குப் போடுறன், அவர் கையிலை கொண்டுவந்து தருவார். அவரோடை கோவிக்காதை.

நடந்ததை முதலிலை இருந்து கேள். எல்லாம் விதுசன் செய்த வேலை. இப்பதான் வேலை கிடைச்ச பெடியன், தேப்பனைப் பாத்து அவனுக்குப் பொறுக்கேல்லை. அத்தானின்ரை தம்பி, உன்ரை மனுசன், முல்லைத்தீவிலை தண்ணி அள்ளக் கானோடை போனவர் திரும்பி வரேல்லை எண்டு மே மாசம் நீ சொன்ன நாள் தொட்டு இந்த மனுசன் பெற்றோல் ஸ்ரேசன் ஷிப்ட் முடிஞ்சு வந்தால் முன்னறைக் கதிரைதான். மடியிலை போன். சாப்பாட்டைக் கொண்டுபோய் வைச்சால் கோப்பை அப்பிடியே ஆறிக் கிடக்கும். எங்கையாவது கூட்டிக்கொண்டு போனால் மாறும் எண்டு பெடியன் எங்கள் ரெண்டுபேருக்கும் மெக்சிக்கோவுக்கு ரிக்கற் போட்டிட்டான். பன்றிக் காய்ச்சலுக்குப் பயந்து ஒருத்தரும் போகேல்லையாம், அதாலை மலிவாம். என்னட்டை ஒரு சொல்லுக் கேட்டவனே? எங்கடை சனம் முள்ளுக்கம்பிக்குள்ளை கிடக்கேக்கை எங்களுக்கு உல்லாசப் பயணமோ எண்டு நான் குளறினன். மாத்தேலாதாம். உனக்குச் சொல்லாமல் போனதும் அதாலைதான், வெக்கம்.

நாலாம் நாள் பஸ்ஸிலை ஏத்திக்கொண்டு போனாங்கள், பழைய மாயா ஆக்களின்ரை இடிபாடுகளும் பிறகு ஒரு கிணத்திலை நீச்சலும். வழிகாட்டி ரொகேலியோ எண்டொரு பெடியன், மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடிச்சபடி. காலமை ஏழு மணிக்குத் திறந்த வாயை அவன் மூடேல்லை. இடிபாடு பாக்கமுன்னம் ஒரு கடையிலை இறக்கினான், பாத்து முடியப் பிறகும் ஒரு கடை. அங்கை பெரிய கோபுரத்துக்கு முன்னாலை நிண்டு கை தட்டினால் குருவி கத்துறமாதிரி எதிரொலி வருமாம். கொளுத்துற வெயிலுக்கை நாப்பது சனம் நிண்டு கை தட்டுது! ஏறி மேலை போகலாம் எண்டால் அதுவும் இல்லை, கயிறு கட்டி வைச்சிருக்கு. உன்ரை அத்தான் என்ன செய்தார் எண்டு நினைக்கிறாய்? மாயா எண்டது எங்கடை மயன்தான், தமிழன்தான் கப்பலிலை வந்து இதைக் கட்டினது எண்டு அந்தப் பெடியனுக்கே விளங்கப்படுத்தத் தொடங்கிட்டார். அவன் பாவம், தன்ரை அம்மம்மாவும் மாயா ஆள்தான் எண்டான். அப்ப நீயும் எங்கடை ஆள்தான் எண்டு இவர் கையைப் பிடிச்சுக் குலுக்கினார். நான் எனக்கும் இந்த மனுசனுக்கும் ஒரு தொடர்பும் இல்லாதமாதிரி ஒரு மரத்தடியிலை போய் நிண்டன்.

அங்காலை ஒரு பெரிய கிணறு. கட்டின கிணறு இல்லை, நிலம் தானாய் இடிஞ்சு விழுந்து வட்டமாய் வாய் திறந்த கிடங்கு. எட்டிப் பாத்தால் கீழை பச்சைத் தண்ணி. எங்கடை புத்தூர் நிலாவரைக் கிணறு இதைவிட வடிவு, இதைப் பாக்கவோ பத்து மணித்தியாலம் பிளேனிலை குந்திக்கொண்டு வந்தனான் எண்டு எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. ரொகேலியோ சொன்னான், அந்தக் காலத்திலை மழைத் தெய்வத்துக்கு எண்டு நகை நட்டுகளோடை ஆக்களையும் அதுக்குள்ளை போடுறவையாம், அதிலை சிலபேர் உயிரோடை திரும்பி வந்தவையுமாம். பிறகு சொன்னான், இந்தப் பக்கத்துக் கிணறுகள் எல்லாம் நிலத்துக்குக் கீழாலை தொடுத்திருக்கு எண்டு.

அதோடை சரி. இவர் அவனை விடேல்லை. எத்தினைபேர் உயிரோடை வந்தவை எண்டு ஒருக்கால் இல்லை, மூண்டுதரம் கேட்டார். அவன் சிரிச்சுக்கொண்டு தெரியாது சேர் எண்டான்.

நிலாவரையிலை போட்ட தேசிக்காய் கீரிமலைக் கேணியிலை வந்து மிதக்கும் எண்டு எங்கடை ஆக்கள் சொல்லுறது உனக்கும் தெரியும்தானே. காலமை ஹோட்டல் சாப்பாட்டு மேசையிலை இருந்து இவர் ஒரு தேசிக்காயைச் சட்டைப் பைக்குள்ளை வைச்சதை நான் கண்டனான், பஸ்ஸிலை வயித்தைப் பிரட்டிச் சத்தி வந்தால் மணக்க எண்டு நினைச்சன். நல்ல பச்சைக் காய், கல்லு மாதிரி. அதைக் கையிலை வைச்சு வாய்க்குள்ளை ஏதோ சொல்லிப்போட்டு விட்டெறிஞ்சார். காவலாளி விசிலடிச்சுக்கொண்டு ஓடி வாறான், சனம் முழுக்கத் திரும்பிப் பாக்குது. என்னப்பா இது எண்டு கேட்டால், தம்பிக்காகக் கேட்டிருக்கிறன், அங்காலைக் கிணத்திலை இது வந்தால் அவன் இருக்கிறான் எண்டார். எனக்கு அவரை ஏசவும் மனம் வரேல்லை, ஏசாமல் இருக்கவும் ஏலேல்லை.

மத்தியானம் நீந்துற கிணத்துக்குக் கொண்டுபோனாங்கள். கல்லிலை வெட்டின படி, மேலை இருந்து ஆலம் விழுது மாதிரி வேர்கள் தண்ணி மட்டும் தொங்குது. இறங்கமுன்னம் எல்லாரும் குளிக்கவேணுமாம், உடம்பிலை பூசினதெல்லாம் போகவேணுமாம். நான் தலைக்கு நல்லெண்ணெய் வைச்சுக்கொண்டு போனனான், ஒரு பெட்டை என்ரை தலையை மணந்து பாத்துப்போட்டுத் திருப்பி அனுப்பினாள். குளிக்கிற இடத்துக்குப் போக முதல் குளிச்சிட்டு வா எண்டு கேள்விப்பட்டிருக்கிறியே? உன்ரை அத்தான் நீந்தத் தெரியாத மனுசன், செம்மஞ்சள் மிதவைச் சட்டையைப் போட்டுக்கொண்டு கயித்தைப் பிடிச்சபடி நெஞ்சளவு தண்ணியிலை நிண்டார். நிண்டவர் நிண்டவர்தான். ரொகேலியோ ஏறச்சொல்லி விசிலடிச்சான், ஏறேல்லை. சனம் உடுப்பு மாத்தி, மேலை தேத்தண்ணி குடிச்சு, பஸ்ஸுக்குள்ளையும் ஏறிட்டுது. இவர் அசையேல்லை. மான்செஸ்டரிலை இருந்து வந்த ஒரு மனுசி பஸ் யன்னலாலை கையைக் காட்டிக் கத்துது. ரொகேலியோ என்னட்டை வந்து, மடம் பிளீஸ், உங்கடை மனுசனுக்கு என்ன நடந்தது எண்டு கேக்கிறான். நான் அவனுக்கு எதைச் சொல்ல? முல்லைத்தீவிலை இருந்து தொடங்கிறதோ?

எனக்குப் பொறுமை போச்சு, சிவகௌரி. மேலை சாப்பாட்டுக் கொட்டிலிலை ஒரு கூடை தேசிக்காய் இருந்தது, ஒண்டை எடுத்தன். மற்றப் பக்கத்துப் படியாலை இறங்கி, வேருகளுக்குப் பின்னாலை நிண்டு, மெல்ல உருட்டி விட்டன். மனுசனை வெளியிலை எடுக்கவேணும், பஸ்ஸிலை ஏத்தவேணும், அவ்வளவுதான் என்ரை நினைப்பு. அவசரத்திலை எடுத்தது நல்ல மஞ்சள் பழம் எண்டதைக்கூட நான் பாக்கேல்லை.

அது மிதந்துபோய்க் கையிலை பட்டோடனை அவர் போட்ட கூச்சல் கிணறு முழுக்க எதிரொலிச்சுது. பஸ்ஸுக்குள்ளை தேசிக்காயை உயர்த்திப் பிடிச்சுக்கொண்டு ஏறினார், ஏதோ பரிசு விழுந்திட்டுது எண்டு நினைச்சு வெள்ளைக்காரர் கை தட்டினவை. அண்டைக்கே ஹோட்டலிலை இருந்து உனக்குப் போன். நான் அந்தாளின்ரை சட்டையைப் பிடிச்சு இழுத்தும் கேக்கேல்லை. பச்சையாய்ப் போனது மஞ்சளாய் வந்ததுக்கு உனக்கு என்ன விளக்கம் சொன்னவர் எண்டு ஞாபகம் இருக்கே? நிலத்துக்குக் கீழை வரேக்கை பழுத்ததாம்! மூண்டு மணித்தியாலத்திலை! நீயும் அதை நம்பினாய்!

கதவிலை திறப்புச் சத்தம் கேக்குது, ஷிப்ட் முடிஞ்சு வாறார் போலை. நிப்பாட்டுறன்.

15.12.2009, செவ்வாய்.

திருவெம்பாவை வருகுது எண்டு இண்டைக்குச் சாமியறை துடைச்சனான். அந்தத் தேசிக்காயைக் குங்குமக் கிண்ணத்திலை வைச்சிருக்கிறார், காஞ்சு கறுத்து ஒரு பாக்கு அளவிலை. கஸ்ரம்ஸுக்குப் பயந்து காலுறைக்குள்ளை வைச்சுக் கொண்டுவந்தவர். அதைக் கண்டோடனை எனக்கு ஏலாமல் போச்சு. முன்னறைக்குப் போய் ரீவியை நிப்பாட்டிப்போட்டு எல்லாத்தையும் சொல்லிப்போட்டன். நான்தான் போட்டது, உங்கடை கதையைக் கேட்டு அந்தப் பிள்ளை முகாமை விட்டு வரமாட்டன் எண்டு நிக்கிறாள், இது ஆரின்ரை பாவம் எண்டு கேட்டன்.

அவர் என்னை நிமிந்தும் பாக்கேல்லை. தெரியும் எண்டார்.

தன்ரை தேசிக்காயிலை நகத்தாலை 'ப' எண்டு கீறித்தான் போட்டவராம், தம்பி பரமேஸ்வரனின்ரை பேருக்கு. தண்ணியிலை கையிலை எடுத்த அந்தக் கணமே அது இல்லை எண்டு தெரியுமாம். பிறகென்னத்துக்குப் பஸ் முழுக்கக் காட்டினனீங்கள், என்னத்துக்குச் சிவகௌரிக்குப் போன் எடுத்தனீங்கள் எண்டு கத்தினன். மான்செஸ்டர் மனுசி கத்தினதைவிடக் கத்தினன். அதுக்குச் சொன்னார், பழுத்து வந்தது எண்டு சொல்லேக்கை அவள் சிரிச்சவள் எண்டு. மே மாசத்துக்குப் பிறகு நீ சிரிச்சு அவர் கேட்டது அண்டைக்குத்தானாம். அந்தச் சிரிப்பைத் திருப்பி வாங்கத் தனக்கு ஏலாதாம்.

நான் பிறகு என்னத்தை ஏசுறது? நானும் ஒண்டு ஒத்துக்கொள்ளுறன். தம்பி இருக்கிறான், தம்பி இருக்கிறான் எண்டு அவர் அந்தத் தண்ணிக்குள்ளை நிண்டு கத்தினாப்போலை, போட்டவள் நான், நானும் ஒருக்கால் ஆரும் வருகினமோ எண்டு படிப் பக்கம் திரும்பிப் பாத்தன், தங்கச்சி.

ஆனால் எனக்கு இப்ப கெட்ட கோவம். அவரிலை, என்னிலை, உன்னிலையும்தான். தை மாசம் பள்ளிக்கூடம் தொடங்குது. ஜதுர்ஷிகா ஒரு வருசமாய் ஒரு கொப்பி தொடேல்லை. அண்ணை திரும்ப வருவார். அவரோடை வெளிக்கிடு. மானிப்பாய் விலாசத்தைப் பிலோமினம்மாவிட்டைக் குடு, வாசலிலை இருக்கிறவையிட்டைக் குடு, ஒரு மட்டையிலை எழுதிக் கொட்டிலிலையும் கட்டிவிடு. மானிப்பாயிலை பொம்பிளை எடுத்த மனுசனுக்கு மானிப்பாய்க்கு வழி தெரியாதே?

பொட்டை அழி எண்டு நான் சொல்ல வரேல்லை. அதைப்பற்றி ஆரும் உன்னோடை வாய் திறக்கக்கூடாது எண்டு உன்ரை அண்ணைக்கும் சொல்லியிருக்கிறன். பொட்டோடையே போ.

இந்தக் கடிதத்தை அத்தானும் வாசிச்சவர். ஒண்டே ஒண்டுதான் கேட்டவர், தம்பியைப்பற்றி ஒரு சொல்லை மட்டும் எழுதவேண்டாமாம். நான் எழுதேல்லை.

மானிப்பாய் போய்ச் சேர்ந்தோடனை குஞ்சின்ரை காலை ஒரு கடதாசியிலை வைச்சுச் சுத்திக் கீறி அனுப்பு. இஞ்சை வெள்ளைச் சப்பாத்து நல்லது இருக்கு, வளருற கால் எண்டபடியால் ஒரு அளவு கூட்டித்தான் எடுப்பன். அந்தக் கடதாசி என்ரை கைக்கு வருமட்டும் எனக்கு நித்திரை இல்லை. பிள்ளையார் உங்கள் ரெண்டுபேரையும் அந்த வாசல் தாண்டி நடக்க வைக்கட்டும்.

இப்படிக்கு,
உன்னை ஏசினாலும் உன்ரைதான்,
தவநாயகி அக்கா.

அத்தான் தானும் ரெண்டு வரி எழுதவேணும் எண்டு பேனையை வாங்குறார்.

பிள்ளை சிவகௌரி, நீர் ஜதுர்ஷிகாவைக் கூட்டிக்கொண்டு போம். அவனைப் பாத்துக்கொண்டு இருக்கிற வேலையை இனி நான் செய்யிறன்.