தாழ்வாக மாட்டிய பலகை

2025 ஜூலை 10, வியாழன்
பௌர்ணமி. கிரிவலக் கூட்டம் வாசலை ஒட்டியே போகிறது. ஆறு அறையும் நிரம்பிவிட்டன. இந்த மனுஷருக்கு இன்றைக்கென்று பார்த்து என்ன தோன்றியதோ, ‘அறைகள் வாடகைக்கு’ பலகையைக் கழற்றிக் காம்பவுண்டு சுவரில் இடுப்பளவு உயரத்தில் மாட்டியிருக்கிறார். “யாருங்க குனிஞ்சு படிப்பாங்க?” என்றேன். “உனக்கு ஒண்ணும் தெரியாது ரேவதி” என்று உள்ளே போய்விட்டார்.

ஜூலை 27
சரியாகச் சாப்பிடுவதில்லை. கேட்டால் அல்சர் என்கிறார். ஆனால் தினமும் எனக்கு முன்னால் எழுந்து காபி போட்டுத் தருகிறார். இவ்வளவு நல்லவராக இருந்தால் பயமாக இருக்கிறது.

ஆகஸ்ட் 18, திங்கள்
காற்றில் பலகை விழுந்தது. பின்னால் சுவரில் வங்கி ஒட்டிய நோட்டீஸ்! மழையில் ஊறி, பேனாவால் எழுதிய தேதி கரைந்து போயிருக்கிறது. மாடி கட்ட வாங்கிய கடன். போன வருஷம் அவர் முதுகு ஆபரேஷனில் தவணை நின்றது எனக்கும் தெரியும். ஆனால் வீட்டையே எடுத்துக்கொள்கிறோம் என்று ஒட்டியிருக்கிறார்கள், அதை மூடி வைத்து — நான் என்ன செத்தா போயிட்டேன்?

“ஊரே வாசல்ல நடக்குது. உன் கண்ணுல மட்டும் பட்டுடக் கூடாதுன்னுதான்…” என்று அழுதார். திட்ட ஆரம்பித்தவள் அவர் தலையை மடியில் சாய்த்துக்கொண்டேன்.

ஆகஸ்ட் 19
வேங்கிக்காலில் வக்கீல் அறிவுச்செல்வனைப் பார்த்தோம். “தருமன் சார், ஒட்டின நாள்லேர்ந்து நாப்பத்தஞ்சு நாளைக்குள்ள சென்னையில கடன் வழக்குத் தீர்ப்பாயத்துல மனு போடணும். எப்ப ஒட்டினாங்க?”

இவர் விரலை மடக்கி எண்ணினார். “ஆனி கடைசிங்க… இல்ல, ஆடி பொறந்துடுச்சா… ஒட்டிட்டுப் போன உடனே பலகைய மாட்டிட்டேன், அதான் தெரியும்.”

பலகை! வீட்டுக்கு ஓடிவந்து இந்த நோட்டைப் புரட்டினேன். ஜூலை 10. நல்லவேளை, அன்றைக்கு அவரைத் திட்டி எழுதினேன். வக்கீலுக்குப் போன் செய்தேன். “ஞாயித்துக்கிழமையோட முடியுதும்மா. நாளைக்கே பஸ் ஏறுங்க” என்றார்.

செப்டம்பர் 3
இடைக்காலத் தடை கிடைத்துவிட்டது. பாக்கியில் ஒரு பங்கை ஆறு வாரத்தில் கட்ட வேண்டும். முன்பணம் வாங்கிக்கொண்டு எங்கள் படுக்கையறையையும் வாடகைக்கு விட்டாயிற்று. இனிமேல் சமையலறையில்தான் பாய்.

செப்டம்பர் 9
அடுப்புக்கும் எனக்கும் நடுவில் படுத்துக்கொண்டு என்ன குறட்டை!

அக்டோபர் 24, வெள்ளி
கெடுவுக்கு முன்பே பணத்தைக் கட்டிவிட்டோம். இன்று வங்கியிலிருந்து பதிவுத் தபால் வந்தது. கையெழுத்துப் போட்டு வாங்கியவர் நேராக என்னிடம் வந்தார். கவரைப் பிரிக்கவே இல்லை. அப்படியே நீட்டினார்.

“நீயே பிரி.”

சேர்ந்து படித்தோம். பணம் வந்து சேர்ந்ததாம். வழக்கு முடியும்வரை வீட்டை எடுக்கும் நடவடிக்கை கிடையாதாம்.

பலகையைப் பழையபடி மேலே மாட்டப் போகிறார். ஸ்டூலைப் பிடிக்கக் கூப்பிடுகிறார். போகிறேன்.