பாட்டு டீச்சரும் திராட்சை ராஜாவும்

ஜனவரி 8, 1999, வெள்ளி

இன்றும் நேரடி ஒளிபரப்பின் நடுவே மூன்றாம் மாடிப் பாட்டு டீச்சர் பாஷோவாவின் போன். நான் முகமெல்லாம் கரி பூசிக்கொண்டு, சிரிக்கவே சிரிக்காத பிசாசாக உட்கார்ந்து அடுத்த ஹெவி மெட்டல் பாட்டை அறிவிக்கிறேன். அவரோ ப்ளவ்டிவ் நகரமே கேட்க, “திரிஃபோன், அலமாரியில என் கண்ணாடி டம்ளர் எல்லாம் நடந்து போகுது. சத்தத்தைக் குறை” என்கிறார். சிரிப்பை அடக்கத் தொடையைக் கிள்ளிக்கொண்டேன். பிசாசு சிரித்தால் பிழைப்பு போச்சு.

போனை வைக்குமுன் இன்று ஒரு குண்டும் போட்டார். பிப்ரவரி 20-ல் குடியிருப்போர் கூட்டமாம். என் கிளப் இருக்கும் நிலவறை, போர் வந்தால் ஒளிந்துகொள்ளக் கட்டியது, கட்டடத்துக்கே பொது. குத்தகையை நீட்டலாமா என்று எல்லோரையும் கை தூக்கச் சொல்லப் போகிறார். அவர்தான் தலைவி. கிளப் போனால் என் டிவி நிகழ்ச்சி ‘இரும்பு வெள்ளி’யும் போகும், ஒளிபரப்பே இங்கிருந்துதான். பிறகு நான் என்ன செய்வது? நாற்பத்தோரு வயதில், இந்த நீள முடியோடு, யார் வேலை கொடுப்பார்கள்?

ஜனவரி 10

வீடு வீடாகச் சாக்லேட் பெட்டி கொடுத்தேன். டீச்சர் மட்டும் திருப்பி அனுப்பிவிட்டார். இரண்டு சாக்லேட் குறைந்திருந்தது.

ஜனவரி 13

தரைத்தளத்துக் கெனோ அண்ணனைப் பிடித்தால் பாதிக் கட்டடம் என் பக்கம். முற்றத்துத் திராட்சைக் கொடி அவருடையது. எல்லோரும் குடிப்பது அவர் ஒயினைத்தான். ஆனால் அவர் என்னைப் பீப்பாய் பக்கம் கூட்டிப்போய்க் கையை வைத்துப் பார்க்கச் சொன்னார். பக்கத்துச் சுவரில் என் டிரம்மர் ஒத்திகை. பீப்பாய் அதிர்ந்தது.

“வண்டல் அடியில தங்கினாத்தானே ஒயின் தெளியும்? நாலு மாசமா குட்டை மாதிரி கலங்கிக் கிடக்கு. நான் எப்படிப்பா உனக்குக் கை தூக்குவேன்?”



பிப்ரவரி 12, வெள்ளி

வாய் இருக்கிறதே, வாய்! நேயர் ஒருவர் போனில், ஞாயிறு உங்கள் பெயர்கொண்ட புனிதரின் நாள், உங்கள் பெயர்த் திருநாளாயிற்றே, எங்கே கொண்டாட்டம் என்று கேட்டார். பிசாசுக் குரலிலேயே சொல்லித் தொலைத்தேன்: “பெயர்த் திருநாளுக்கு யாரையும் கூப்பிடுறதில்ல. ஞாபகம் இருக்கிறவன் வருவான். கதவு திறந்திருக்கும்.”

எங்கள் வீட்டில் எல்லோரும் சொல்வதுதான். ஆனால் எங்கள் வீட்டில் சொன்னால் மாமா நாலு பேர் வருவார்கள். நான் ஊருக்கே சொல்லியிருக்கிறேன். வருகிறவனிடம் டிக்கெட் கேட்க முடியாது. கேட்டால் பிறகு இந்த ஊரில் தலைகாட்ட முடியாது.

பிப்ரவரி 14, ஞாயிறு

உடம்பெல்லாம் வலி. இருந்தாலும் எழுதியாக வேண்டும்.

புனித திரிஃபோன் திராட்சைக்காரர்களின் புனிதர். வருடா வருடம் இந்த நாளில் முற்றத்தில் கொடியை நறுக்கி, வேரில் ஒயின் ஊற்றி, ஒருவருக்குக் கொடி மாலை சூட்டித் தோளில் தூக்கிப் போவார்கள். அவர்தான் அடுத்த வருடம் வரைக்கும் திராட்சை ராஜா, பண்டிகைக்கெல்லாம் கட்டடத்துக்கே விருந்து வைப்பதும் அவர்தான். கொடி அவருடையது என்பதால் எப்போதும் கெனோ அண்ணன்தான்.

இன்று முற்றம் கொள்ளவில்லை. தோல் சட்டை போட்ட என் ரசிகர்கள் ஒரு பக்கம், தட்டு நிறையப் பாலாடைக்கட்டி அப்பத்தோடு கட்டடத்துப் பெண்கள் ஒரு பக்கம். கலங்கின ஒயினை எல்லோரும் முகம் சுளிக்காமல் குடித்தார்கள். இரண்டாம் முறையும் கோப்பையை நீட்டினார்கள். பெயர்த் திருநாள்காரன் என்று கெனோ அண்ணன் விளையாட்டாகத் தன் மாலையை என் தலையில் வைத்தார். அவ்வளவுதான். கச்சேரியில் மேடையிலிருந்து குதிக்கிறவனைக் கைக்குக் கை கடத்துவார்களே, அப்படியே என்னைத் தூக்கிவிட்டார்கள் என் பயல்கள். முற்றம், படிக்கட்டு, கிளப் வாசல் எல்லாம் அவர்கள் தலைக்கு மேலேயே போனேன்.

இறக்கிவிட்டபோது பின்னாலேயே ஓடி வந்த கெனோ அண்ணன் முகத்தில் ஈயாடவில்லை. “மாலையும் போட்டாச்சு, தூக்கியும் ஆச்சு” என்றார். “இந்த வருஷ ராஜா இவன்தான்.”

பிப்ரவரி 20

கூட்டம். டீச்சர் கை தூக்கச் சொல்லுமுன் கெனோ அண்ணன் எழுந்தார். ராஜாவை வருஷ நடுவில் தெருவில் விட்டால் ஆலங்கட்டி மழை கொடியைச் சும்மா விடாது, தன்னால் அந்தப் பாவம் சுமக்க முடியாது என்றார். ஒயின் குடிக்கிறவர்கள் எல்லோரும் யோசித்தார்கள். டீச்சரைத் தவிர எல்லோரும் குடிக்கிறவர்கள். ஓட்டெடுப்பு ஒரு வருடம் தள்ளிப்போனது.

டீச்சர் கதவருகே என்னை நிறுத்தினார். “அடுத்த திரிஃபோன் நாள் வரும், மகாராஜா.”

மே 7, வெள்ளி

இப்போது போனில், “மகாராஜா, டம்ளர் ஒண்ணு விழுந்து உடைஞ்சுபோச்சு” என்கிறார். நேயர்கள் டம்ளர் அனுப்புகிறார்கள்.

அக்டோபர் 15, வெள்ளி

போன் வரவில்லை. நிகழ்ச்சி உப்பில்லாத கூழ். கரி முகத்தோடேயே மூன்றாம் மாடிக்கு ஓடினேன். எனக்கே வெட்கம், ஆனால் பயந்துதான் போயிருந்தேன். அவர் நலம். தொலைபேசி இணைப்புதான் செத்துப்போயிருந்தது. “திட்டணும்னு எவ்வளவு தவிச்சேன் தெரியுமா?” என்றார்.

அக்டோபர் 16

கிளப்பிலிருந்து அவர் ஜன்னல் வரைக்கும் நானே தனிப் போன் ஒயர் இழுத்தேன். என்னை வெளியேற்றப் போகிறவர் என்னைத் திட்ட வசதியாக. எனக்குப் பைத்தியமா?

பிப்ரவரி 14, 2000

டீச்சர் ஆள் சேர்த்திருந்தார். அவரிடம் பாட்டுப் படித்த பெண்கள் ஒரு பெரும் படை, எல்லோருக்கும் ஐம்பது வயதுக்கு மேல். கெனோ அண்ணன் மாலையோடு திரும்புவதற்குள் டீச்சரே தலையை நீட்டிவிட்டார். அந்தப் பெண்கள் அவரை, ரோமக் கோட்டோடு, தூக்கிக்கொண்டு போனார்கள். போன வருடம் என் பயல்கள் தூக்கின மாதிரியே. பார்த்துப் படித்திருக்கிறார்கள்!

ராஜ்ஜியம் போச்சு. ஓட்டெடுப்பு வியாழக்கிழமை. கலகலத்துப் போயிருக்கிறேன்.

பிப்ரவரி 16

டீச்சர் வந்தார். ராணி என்றால் கட்டடம் முழுவதற்கும் விருந்து வைக்க வேண்டும். வருடம் முழுவதும், ஒவ்வொரு பண்டிகைக்கும். அவர் வீட்டுக் கூடத்தில் பியானோவுக்கே இடமில்லை. என் நிலவறையைச் சுற்றிப் பார்த்தார். மேடையில் ஏறி நின்று ஒரு ஸ்வரம் பாடிப் பார்த்தார். “எதிரொலி நல்லா இருக்கே” என்றார், ஏதோ நான் இத்தனை வருடம் ஒளித்து வைத்திருந்த மாதிரி.

பிப்ரவரி 17

குத்தகையை நீட்ட எல்லாக் கைகளும் உயர்ந்தன. முதல் கை மூன்றாம் மாடி.

பிப்ரவரி 18, வெள்ளி

இன்று போன் வரவில்லை. எனக்கு இடப்பக்கம் புதிதாக ஒரு நாற்காலி. அதில் ரோமக் கோட்டும் கொடி மாலையுமாக டீச்சர். முதல் பாட்டு முடிந்ததும் கேமராவைப் பார்த்துச் சொன்னார்: “டிரம்ஸ் பத்தல. என் டம்ளர் ஒண்ணுகூட அசைஞ்சிருக்காது.”

நான் சிரித்துவிட்டேன். ஊரே பார்க்க, கரி கரைகிற அளவுக்கு.