நான் எழுதிக் கொடுத்த உன் பெயர்

இன்று மாதனூரில் ஒரு கிணற்றில் சிவப்பு மருந்தைக் கரைத்து ஊற்றினோம். இறைத்த தண்ணீர் ரோஜா நிறத்தில் வந்தது. உன் நினைவு வந்து, வாளியைக் கீழே வைத்துவிட்டேன்.

மேல்விஷாரத்தில் வாந்திபேதி கண்ட வருஷம். சுகாதார இன்ஸ்பெக்டர் வீடு வீடாகப் போனார். ஆண்கள் வாசலிலேயே நின்று, "இங்க யாருக்கும் ஒண்ணும் இல்ல சார்" என்று அனுப்பிவிட்டார்கள். வெளி ஆண்கள் முன் வராத கோஷாப் பெண்களிடம் விசாரிக்க நர்ஸான என்னை அனுப்பினார்கள். என்னிடமும் யாரும் வாய் திறக்கவில்லை. ஒரு வீட்டு மருமகளான நீதான் கையைப் பிடித்து உள்ளே அழைத்துப் போனாய்.

"பக்கத்து ஊட்டுப் பொண்ணு ஜைனபுக்கு நேத்துலேர்ந்து ஜாஸ்தியா போவுதுக்கா. இன்னும் நாலு ஊட்ல இதே பேஜாரு."

"எல்லாரும் எங்க சாப்ட்டாங்க?"

நீ தலைகுனிந்தாய். "எங்க கொழுந்தன் கல்யாணத்துலதான். சர்பத்து எங்க கெணத்துத் தண்ணில கலக்கினது." பிறகு மெல்லக் கேட்டாய்: "எம் பேரு வெளிய வராதில்லக்கா?"

"வராதும்மா" என்றேன்.

ஆபீசில் மேலதிகாரி நம்பவில்லை. யார் சொன்னது என்று மூன்று முறை கேட்டார். உன் பெயரை எழுதிக் கொடுத்துவிட்டேன். மறுநாளே உங்கள் கிணற்றுக்கு இதே சிவப்பு மருந்து போட்டார்கள். சில நாளில் நோய் அடங்கியது. ஆனால் அந்த மனிதர் உன் பெயரை உன் மாமனாரிடமே வாசித்துக் காட்டியிருக்கிறார். ஏழு மாதக் கர்ப்பிணியான உன்னை ஆம்பூருக்கு, தாய் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

மன்னிப்புக் கேட்க வர எனக்கு ஒன்றரை மாதம் ஆயிற்று. அதற்குமுன் துணிவு வரவில்லை. நீ திட்டவில்லை.

"அத்த உடுக்கா. ஜைனபு இன்னா ஆனா?"

எனக்குத் தெரியவில்லை. தலைகளை எண்ணிக் குறித்துக்கொண்டு வந்தவள்தானே நான். "பாத்துட்டு வந்து சொல்றேன்" என்றேன்.

மறுவாரம் மேல்விஷாரம் போனேன். ஜைனபு கொல்லையில் கோழிக்குத் தவிடு வைத்துக்கொண்டிருந்தாள். இளைத்திருந்தாள், ஆனாலும் சிரித்தாள். "பக்கத்து ஊட்டு அக்கா எப்ப வருவாங்க?" என்று கேட்டாள்.

இதை உன்னிடம் சொல்ல ரயிலேறி ஆம்பூர் வந்தேன். உன் அம்மா கதவைத் திறந்தார். பிறந்த குழந்தை அவர் தோளில் இருந்தது. பிரசவக் காய்ச்சலில் நீ போய் மூன்று நாள் ஆகியிருந்தது.

இப்போதும் ஊர் ஊராக நோய்க் கணக்கெடுக்கத்தான் போகிறேன். கணக்கைக் கொடுத்த பிறகு இன்னொரு முறை அந்த வீடுகளுக்குப் போய், யார் தேறினார்கள் என்று பார்த்துவிட்டு வருகிறேன். வரும் வழியெல்லாம் உன்னிடம் சொல்ல வேண்டும் போல இருக்கிறது.

ஜைனபு பொழச்சிட்டாம்மா.